இரண்டாவது டப்பா

மெட்ஸ் நகரில் ஆகஸ்ட் கடைசி.
சந்தையெங்கும் மிரபெல் பழங்கள்:
கோலிக்குண்டளவு, மஞ்சள்,
வெயில் பட்ட கன்னத்தில் மட்டும் சிவப்புப் புள்ளிகள்.
மூன்று கிலோ வாங்கிவிட்டேன்.
மூன்றாம் மாடி ஏறுவதற்குள்
காகிதப் பையின் அடி நனைந்து கிழிந்து
நான்கு பழங்கள் படியிறங்கி ஓடின.
துரத்தவில்லை.
எறும்புகளுக்கும் ஆகஸ்ட்தானே.

கட்டைவிரல் நகத்தால் வகிர்ந்தால் போதும்,
பழம் தானே வாய் திறந்து
கொட்டையைத் துப்பிவிடும்.
சர்க்கரையும் தண்ணீரும் ஒரு கொதி.
அரை எலுமிச்சை.
பிறகு மேல்வீட்டு மேடம் வூர்ட்ஸ் தந்த புட்டி:
அவருடைய கொழுந்தன் தோட்டத்தில்
இதே பழத்தை வடித்த சாராயம்.
முத்திரை இல்லை, பெயர் இல்லை,
ஒட்டிய தாளில் பென்சிலால் 'ஐம்பது' என்று மட்டும்.
அது விலையல்ல.

சாராயம் எளிதில் உறையாது.
அது அதன் குணம், இங்கே அதுவே உபகாரம்.
மூன்று கரண்டி விட்டால்
பனியின் பிடிவாதம் தளர்ந்து
ஸ்பூனுக்கு வழிவிடும்.
எட்டுக் கரண்டி விட்டால்
விடிய விடிய ஃப்ரீசரில் வைத்தாலும்
கூழாகக் கிடந்து சிரிக்கும்.
அளவுக்கு மிஞ்சினால் அமுதம் நஞ்சாகும் என்பார்கள்.
இங்கே கஞ்சியாகும், அவ்வளவுதான்.

நான் நாலரை விட்டேன்.
அந்த அரை, கை நடுங்கியது என்று
எனக்கே சொல்லிக்கொண்டேன்.

அரைமணிக்கு ஒருதரம் எழுந்துபோய்
முள்கரண்டியால் ஓரத்துப் பனியை நடுவுக்குத் தள்ளவேண்டும்.
தூங்கும் பிள்ளைக்குப் போர்வை சரிசெய்வதுபோல,
ஆனால் எதிர்மாறாக: கலைத்துக்கொண்டே இருப்பது.
மூன்றாம் முறை கலைத்துவிட்டுக்
கதவைச் சாத்தியபோதுதான்
காந்தத்தில் மாட்டிய விருந்தினர் பட்டியலில்
கடைசிப் பெயரைப் படித்தேன்.

அல்பான்.
என் தம்பி.
பதினோரு மாதம், ஆறு நாள்.
ஒவ்வொரு மாதமும் எண்ணிப் பார்த்து
வாழ்த்து அனுப்புகிறவள் நான்.

மிச்சப் பழத்தைக் கொட்டை நீக்கினேன்.
மறுபடி கொதி, மறுபடி அரை எலுமிச்சை.
புட்டியை அலமாரியின் பின்வரிசைக்குத் தள்ளினேன்.
இரண்டாவது டப்பாவின் மூடியில்
'அ' என்று எழுதி
அழித்து
மீண்டும் எழுதினேன்.
அதைக் கலைக்க நேரமில்லை.

இரவு எட்டுப் பேர்.
முதல் டப்பா வெல்வெட்டாக வழங்கியது,
குவளைகளில் மஞ்சள் பட்டு.
இரண்டாவதில்
ஸ்பூன் வளைந்தது.
அடுத்த ஸ்பூனும் வளைந்தது.
மேசை பேச்சை நிறுத்திவிட்டு
என் கையையே பார்த்தது.
உள்ளே என்ன இல்லை என்பதை
அந்தக் கல்லே
எல்லோருக்கும் சொல்லிவிட்டது.

"இதற்கு ஆசாரி வேண்டும்" என்று எழுந்தான் அல்பான்.
சாமான் டிராயரிலிருந்து ஸ்க்ரூடிரைவரை எடுத்து
சோப்புப் போட்டுக் கழுவி
ஓங்கி ஒரு குத்து.
சில்லு ஒன்று பறந்துபோய்
லூதிவீனின் சட்டைக் கழுத்துக்குள் விழ
அவள் போட்ட கூச்சலில்
கீழ்வீட்டு நாய் குரைத்தது.
பிறகு எல்லோருக்கும் கல்தான் வேண்டுமாம்.
சில்லுகளைக் கன்னத்தில் ஒதுக்கிக்கொண்டு
குளறிக் குளறிப் பேசினோம்,
குடிக்காதவன் உட்பட.

அவர்கள் போனபின் அவன் பாத்திரம் கழுவினான்.
குவளைகளின் அடியில்
உருகி நின்றது ஒவ்வொரு மடக்கு.
குழாயை முழுக்கத் திறந்துவிட்டு
முகத்தைச் சன்னல் பக்கம் திருப்பிக்கொண்டு
எட்டையும் கவிழ்த்தான்.
எட்டாவது வரை அவன் மூச்சு விட்டதாகத் தெரியவில்லை.
நான் துடைத்தேன். எதுவும் சொல்லவில்லை.

கடைசியில் ஸ்க்ரூடிரைவரையும் ஈரம் போகத் துடைத்து
கரண்டிகளோடு வைத்தான்.
இன்னும் அங்கேதான் இருக்கிறது.